ராஜி மனுவில் கையெழுத்துப் போடும் முன்...

சட்டக் கேள்வி – பதில் பகுதி

கடன் பாக்கி, கொள்முதல் பாக்கி, உரக்கடை பாக்கி ஆகியவை பற்றி இந்த இதழுக்கு வந்த கேள்விகளில் மூன்று ஒரே இடத்தில் வந்து நிற்கின்றன. வழக்கு நடக்கிறது, எதிர்த் தரப்பு 'பேசி முடித்துக்கொள்ளலாம்' என்கிறது, ஒப்புக்கொள்ளலாமா? பேசி முடிப்பது பெரும்பாலும் நல்லதுதான். ஆனால் எந்தத் தாளில், யார் முன்னால், என்ன வாசகத்தில் முடிக்கிறோம் என்பதைப் பொறுத்தே பணம் கைக்கு வரும், அல்லது வராமல் போகும்.

கேள்வி 1: வழக்கை வாபஸ் வாங்கினால் பணம் தருகிறேன் என்கிறார் வியாபாரி. நம்பலாமா?

கேட்பவர் பெரம்பலூர் மாவட்ட வாசகர். சொந்தமும் குத்தகையுமாகச் செய்த வெள்ளாமையில் 180 குவிண்டால் மக்காச்சோளத்தை, குவிண்டால் 2,100 ரூபாய் என்று ஒரு கோழித்தீவன வியாபாரிக்குக் களத்திலேயே எடை போட்டுக் கொடுத்தார். மொத்தம் 3,78,000 ரூபாய். கைக்கு வந்தது 98,000. பாக்கி 2,80,000. எடைச் சீட்டு, வியாபாரி கைப்பட எழுதிய சிட்டை இரண்டையும் வைத்து வழக்குப் போட்டு இரண்டு ஆண்டுகள் ஆகின்றன. இப்போது வியாபாரி வீட்டுக்கே வந்து, "கேஸை வாபஸ் வாங்கிடுங்கண்ணே, 2,40,000 ரூபாயை எட்டுத் தவணையில கட்டிடறேன், பத்திரத்துல எழுதிக்கலாம்" என்கிறாராம். மகளின் கல்லூரிக் கட்டணத்துக்குப் பணம் தேவைப்படுவதால் வாசகருக்கும் முடித்துவிடலாம் என்றே தோன்றுகிறது.

பதில்:

முடித்துக்கொள்ளலாம். ஆனால் முதலில் வாபஸ், பிறகு பணம் என்ற வரிசை கூடாது. நீதிமன்றத்தின் அனுமதி பெறாமல் வழக்கை வாபஸ் வாங்கிவிட்டால், அதே பாக்கிக்காக மறுபடி வழக்குப் போட உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 23-வது கட்டளை இடம் தருவதில்லை. கையில் மிஞ்சுவது வெளியில் எழுதிய பத்திரம் மட்டுமே. வியாபாரி மூன்றாவது தவணையில் கையை விரித்தால், அந்தப் பத்திரத்தை வைத்துப் புதிதாக வழக்கு, புதிதாகக் கோர்ட் கட்டணம், புதிதாக வாய்தா என்று முதலில் இருந்து தொடங்க வேண்டும்.

இதே ஒப்பந்தத்தை நீதிமன்றத்துக்குள் கொண்டுபோனால் கதை வேறு. அதே 23-வது கட்டளையின் 3-வது விதி சொல்வது இதுதான்: வழக்கின் தரப்பினர் சட்டத்துக்கு உட்பட்டு, எழுத்தில், கையெழுத்திட்டுச் செய்துகொண்ட சமரசத்தை நீதிமன்றம் பதிவு செய்து, அதன்படியே தீர்ப்பாணை வழங்க வேண்டும். கோர்ட் வட்டாரத்தில் 'ராஜி மனு', 'கூட்டு மனு' என்று சொல்வது இதைத்தான். அப்படி வரும் சமரசத் தீர்ப்பாணைக்கு, சாட்சி விசாரித்து நீதிபதி எழுதும் தீர்ப்பாணைக்கு உள்ள அதே பலம் உண்டு. பணம் வராவிட்டால் புது வழக்குத் தேவையில்லை. நேராக நிறைவேற்று மனு போட்டு வியாபாரியின் வங்கிக் கணக்கு, குடோன் சரக்கு, லாரி ஆகியவற்றை ஜப்தி செய்யக் கேட்கலாம். இதற்கு 12 ஆண்டு கெடு இருக்கிறது. தவணையாகக் கட்ட வேண்டிய தொகை என்றால், தவணை தவறிய நாளில் இருந்து அந்தக் கெடு கணக்காகும்.

விட்டுக்கொடுக்கும் தொகை எவ்வளவு என்று முதலில் கணக்குப் போட்டுப் பார்க்க வேண்டும். 2,80,000 ரூபாய்க்கு ஆண்டுக்கு 9 சதவீதம் என்று வைத்தால் ஓர் ஆண்டு வட்டி 25,200. இரண்டு ஆண்டுக்கு 50,400. ஆக மொத்தம் 3,30,400. இதில் 2,40,000-க்குச் சம்மதித்தால் 90,400 ரூபாயை விடுகிறார் என்று பொருள். விரைவாகவும் உறுதியாகவும் பணம் வருவதற்காக இதை விடலாம். உறுதி இல்லாத வாக்குறுதிக்காக விடக் கூடாது. அந்த உறுதியைத் தருவது மனுவில் எழுதும் வாசகம்தான்.

மனுவில் இருக்க வேண்டியவை:

1. முழுப் பாக்கியையும் ஒப்புக்கொள்ளும் வரி. 'பிரதிவாதி 2,40,000 ரூபாய் தரச் சம்மதிக்கிறார்' என்று மட்டும் எழுதினால், தவணை தவறினாலும் அந்தத் தொகைக்கு மேல் கேட்க முடியாமல் போகலாம். அதற்குப் பதில், 'பாக்கி 2,80,000 ரூபாயும் வழக்குத் தேதியில் இருந்து 9 சதவீத வட்டியும் தர வேண்டியது என்பதைப் பிரதிவாதி ஒப்புக்கொள்கிறார். கீழ்க்கண்ட தேதிகளில் தவறாமல் 2,40,000 ரூபாய் செலுத்தினால் மீதியை வாதி சலுகையாக விட்டுத் தருகிறார்' என்று எழுத வேண்டும். ஒழுங்காகக் கட்டினால் சலுகை, தவறினால் முழுப் பாக்கி என்பது தெளிவாக இருக்கும்.

2. முதல் பணம் கையெழுத்தன்றே. எட்டுத் தவணையும் 30,000 என்பதைவிட, முதல் நாளே 60,000 ரூபாயை டிமாண்ட் டிராஃப்டாகக் கோர்ட்டில் வாங்கிக்கொண்டு, மீதி 1,80,000 ரூபாயை ஆறு தவணையாக வைப்பது பாதுகாப்பு. முதல் நாளே பணம் எடுத்து வைக்கத் தயங்குகிறவர் பின்னால் கட்டுவாரா என்பதும் அங்கேயே தெரிந்துவிடும்.

3. தேதியும் வழியும். 'மாதா மாதம்' என்று எழுதாமல் ஒவ்வொரு தவணைக்கும் தேதி குறிக்க வேண்டும். எந்த வங்கிக் கணக்கில் செலுத்துவது என்பதையும் எழுத வேண்டும். ரொக்கம் வேண்டாம். ரொக்கத்துக்குச் சாட்சி தேடுவது இருவருக்குமே தொல்லை.

4. தவறினால் என்ன. 'எந்த ஒரு தவணை தவறினாலும், செலுத்தியது போக மீதி முழுவதையும் வட்டியுடன் உடனே நிறைவேற்று மனு மூலம் வசூலிக்க வாதிக்கு உரிமை உண்டு' என்ற வரி கட்டாயம் வேண்டும். இந்த வரி இல்லாவிட்டால், தவறிய தவணைக்கு மட்டும் மனு போட்டுக்கொண்டு அடுத்த தவணைத் தேதிக்குக் காத்திருக்க நேரும்.

5. யார் கையெழுத்து. வியாபாரம் கூட்டு நிறுவனமாக நடந்தால் கவனம் தேவை. 1932-ம் ஆண்டு கூட்டாண்மைச் சட்டத்தின் 19-வது பிரிவுப்படி, வழக்கில் பொறுப்பை ஒப்புக்கொள்ளவோ சமரசம் செய்யவோ ஒரு பங்குதாரருக்குத் தானாக அதிகாரம் கிடையாது. பின்னால் இன்னொரு பங்குதாரர் வந்து 'எனக்குத் தெரியாது' என்று சொல்லலாம். அதனால் எல்லாப் பங்குதாரர்களும் கையெழுத்திட வேண்டும், அல்லது கையெழுத்திடுபவருக்கு மற்றவர்கள் எழுத்தில் கொடுத்த அதிகாரத்தை மனுவோடு சேர்க்க வேண்டும். மேனேஜர் கையெழுத்துப் போதாது.

6. காசோலை வழக்கு இருந்தால். பலர் பாக்கிக்குச் செக் வாங்கி, அது திரும்பி, தனியாகக் குற்ற வழக்கும் போட்டிருப்பார்கள். அந்த வழக்கையும் சமரசமாக முடிக்கச் சட்டம் இடம் தருகிறது. ஆனால் கடைசித் தவணை வந்த பிறகே அதை முடித்துக்கொள்வதாக மனுவில் எழுதினால்தான் பிடி இருக்கும்.

7. நிலம் ஈடாக வந்தால். 'பணம் தராவிட்டால் என் நிலத்தை எடுத்துக்கொள்ளலாம்' என்று வியாபாரி எழுதித் தர முன்வரலாம். வழக்கில் இல்லாத நிலத்தைச் சமரசத் தீர்ப்பாணையில் சேர்த்தால், பதிவுச் சட்டத்தின் 17-வது பிரிவுப்படி அதைப் பத்திரப் பதிவு செய்தாக வேண்டும். பதிவு செய்யாமல் விட்டால் அந்த நிலத்தின் மீது உரிமை கொண்டாட முடியாது.

கட்டிய கோர்ட் கட்டணம் வீணாகிவிடுமே என்ற கவலையும் வாசகருக்கு இருக்கிறது. தமிழ்நாட்டு நீதிமன்றக் கட்டணச் சட்டம் 1955-ன் 69-ஏ பிரிவு, சமரசமாக முடியும் வழக்கில் வாதி கட்டிய முழுக் கட்டணத்தையும் திருப்பித் தரச் சொல்கிறது. மக்கள் நீதிமன்றம், சமரச மையம் வழியாக முடிந்தால்தான் இது கிடைக்குமா என்ற சந்தேகம் இருந்தது. தரப்பினர் தாங்களாகவே வெளியில் பேசி முடித்துக்கொண்டாலும் கட்டணம் திரும்பக் கிடைக்கும் என்று 2021-ல் சென்னை உயர் நீதிமன்றப் பதிவகம் தொடர்ந்த மேல்முறையீட்டில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கிவிட்டது. கட்டணம் தானாக வராது. கேட்டு மனு போட வேண்டும்.

எங்கே முடிப்பது என்பதற்கு மூன்று வழிகள் உள்ளன.

வழக்கு நடக்கும் நீதிமன்றத்திலேயே கூட்டு மனு கொடுப்பது முதல் வழி. தொகையும் தவணையும் ஏற்கெனவே பேசி முடிந்திருந்தால் இதுவே போதும்.

தொகையில் இன்னும் இழுபறி இருந்தால், வழக்கைச் சமரச மையத்துக்கு அனுப்பும்படி நீதிபதியிடம் கேட்பது இரண்டாவது வழி. நடைமுறைச் சட்டத்தின் 89-வது பிரிவு இதற்கு இடம் தருகிறது. சென்னை உயர் நீதிமன்றத்தில் 2005-ல் சமரச மையம் தொடங்கியது. இப்போது மாவட்டங்களிலும் இயங்குகிறது. அங்கே பேசுவதை எதிர்த் தரப்பு பின்னால் கோர்ட்டில் சாட்சியமாகக் காட்ட முடியாது என்பதால் மனம் விட்டுப் பேசலாம்.

மூன்றாவது வழி மக்கள் நீதிமன்றம். 1987-ம் ஆண்டு சட்டப்பணிகள் ஆணைக்குழுச் சட்டப்படி, அங்கு சம்மதத்தில் முடியும் விவகாரத்துக்கு வழங்கப்படும் உத்தரவு சிவில் கோர்ட் தீர்ப்பாணைக்குச் சமம். அதன் மேல் மேல்முறையீடு கிடையாது. ஆனால் இரு தரப்பும் சம்மதிக்காமல் அங்கு யாரும் தீர்ப்புச் சொல்ல முடியாது. 'இன்றைக்கே முடித்துவிடுங்கள்' என்று யார் சொன்னாலும், மனம் ஒப்பாவிட்டால் மறுக்கலாம். வழக்கு விட்ட இடத்தில் இருந்தே தொடரும்.

கேள்வி 2: கணவர் இறந்துவிட்டார். உரக்கடைக்காரர் என்னிடம் கையெழுத்துக் கேட்கிறார்.

கேட்பவர் விழுப்புரம் மாவட்டத்துப் பெண் விவசாயி. கணவர் உரம், பூச்சிமருந்து வாங்கிய வகையில் 1,15,000 ரூபாய் பாக்கி என்று கடைக்காரர், இவர் மீதும் இரண்டு பிள்ளைகள் மீதும் வழக்குப் போட்டிருக்கிறார். இளைய மகனுக்கு 14 வயது. கணவர் பெயரில் 80 சென்ட் நிலம் இருக்கிறது. இவர் பெயரில் தாய் வீட்டில் கொடுத்த 30 சென்ட்டும், பால் சொசைட்டிக்கு ஊற்றும் இரண்டு மாடுகளும் உள்ளன. ஒரு லட்சம் தருவதாகக் கையெழுத்துப் போட்டால் முடித்துக்கொள்கிறேன் என்று கடைக்காரர் ஒரு தாளை நீட்டியிருக்கிறார். அதில் 'நாங்கள் மூவரும் சொந்தப் பொறுப்பில்' என்று இருப்பதாக எழுதியிருக்கிறார்.

பதில்:

அந்தச் சொற்களில்தான் முழு ஆபத்தும் இருக்கிறது. இறந்தவரின் கடனுக்கு வாரிசுகள், அவரிடம் இருந்து தங்களுக்கு வந்த சொத்தின் அளவுக்கு மட்டுமே பொறுப்பு. கணவரின் 80 சென்ட் நிலம் அந்தக் கடனுக்குப் பொறுப்பாகலாம். இவருடைய 30 சென்ட்டும் பால் பணமும் பொறுப்பாகாது. ஆனால் 'சொந்தப் பொறுப்பில்' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டு, அது தீர்ப்பாணையாகிவிட்டால், சட்டம் கொடுத்த பாதுகாப்பை இவரே கழற்றிக் கொடுத்ததாகிவிடும். எனவே 'இறந்தவரின் சொத்தில் இருந்து எங்களுக்குக் கிடைத்த அளவுக்கு மட்டும்' என்று வாசகத்தை மாற்றச் சொல்ல வேண்டும். கடைக்காரர் மறுத்தால் கையெழுத்துப் போடாமல் வழக்கைத் தொடர்வதே நல்லது.

இரண்டாவது, 14 வயது மகன். மைனருக்காகக் காப்பாளர் சமரசம் செய்ய நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும். அது மைனருக்கு நன்மையானது என்று நீதிபதிக்குத் திருப்தி ஏற்பட்டு, அனுமதி எழுத்தில் பதிவாக வேண்டும். அந்த அனுமதி இல்லாத சமரசத்தை மைனர் பின்னால் மறுக்கலாம். கடைக்காரருக்கும் இது தெரிந்திருப்பது நல்லது. முறையாகச் செய்தால்தான் அவருடைய தீர்ப்பாணையும் நிற்கும்.

மூன்றாவது, கடனின் கணக்கு. சமரசம் பேசுவதற்கு முன் பில்களையும் கணவர் கையெழுத்திட்ட கணக்கு நோட்டையும் காட்டச் சொல்ல வேண்டும். கடனுக்குச் சரக்கு விற்ற வழக்குகளுக்குப் பொதுவாக மூன்று ஆண்டு கெடு உண்டு. அதற்கு முந்திய பழைய பில்கள் சேர்ந்திருந்தால், கெடுவுக்குள் கடனை எழுத்தில் ஒப்புக்கொண்ட ஆதாரம் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். இதனாலேயே தொகை பாதியாகக் குறைந்தாலும் குறையலாம்.

சமரசம் செய்துகொண்டு தவணை கட்டினால், கட்டியதை நீதிமன்றப் பதிவில் ஏற்ற வேண்டும். தீர்ப்பாணைக்கு வெளியே கையில் கொடுத்துவிட்டுப் பதிவு செய்யாமல் விட்ட பணத்தை, நிறைவேற்று நீதிமன்றம் கணக்கில் எடுக்காது. கடைக்காரர் பதிவு செய்யாவிட்டால், கட்டிய 30 நாளுக்குள் இவரே ரசீதுடன் மனு போடலாம். தவணை தவறினால் வீடு போய்விடுமோ என்ற பயம் இவர் கடிதத்தில் தெரிகிறது. விவசாயி குடியிருக்கும் வீடு, உழவுக் கருவிகள், பிழைப்புக்குத் தேவை என்று நீதிமன்றம் கருதும் மாடுகள், விதைத் தானியம் ஆகியவற்றைச் சாதாரணக் கடன் தீர்ப்பாணைக்காக ஜப்தி செய்ய முடியாது என்கிறது நடைமுறைச் சட்டத்தின் 60-வது பிரிவு. ஆனால் அந்த வீட்டையே ஈடாக எழுதிக் கொடுத்துவிட்டால் இந்தப் பாதுகாப்பை நம்ப முடியாது. ஆகவே சமரசத் தாளில் வீட்டைப் பற்றி ஒரு வரியும் வரக் கூடாது.

பெண் என்பதால், வருமானம் எவ்வளவாக இருந்தாலும் இவருக்கு இலவசச் சட்ட உதவி பெறும் உரிமை உண்டு. தாலுகா நீதிமன்ற வளாகத்தில் உள்ள வட்ட சட்டப்பணிகள் குழுவில் ஒரு மனு கொடுத்தால் வழக்கறிஞர் ஏற்பாடு செய்து தருவார்கள். 15100 என்ற கட்டணமில்லா எண்ணிலும் கேட்கலாம். கடைக்காரர் நீட்டிய தாளை அந்த வழக்கறிஞர் படித்துப் பார்க்கும் வரை கையெழுத்தோ கைரேகையோ வைக்க வேண்டாம்.

கேள்வி 3: எங்கள் உழவர் உற்பத்தியாளர் நிறுவனத்துக்கு ஒரு கம்பெனி 11 லட்சம் தர வேண்டும். நேரடியாக வழக்குப் போடலாமா?

கேட்பவர் தருமபுரி மாவட்டத்தில் ஓர் உற்பத்தியாளர் நிறுவனத்தின் இயக்குநர். உறுப்பினர்களிடம் வாங்கிய சிறுதானியத்தைச் சுத்தம் செய்து அனுப்பியதற்கான பணம் நின்றுபோயிருக்கிறது.

பதில்:

சரக்கு விற்பனை ஒப்பந்தத்தில் எழும் இது போன்ற வணிகத் தகராறு, 3 லட்சம் ரூபாயும் அதற்கு மேலும் இருந்தால், 2015-ம் ஆண்டு வணிக நீதிமன்றங்கள் சட்டத்துக்குள் வரும். தொடக்கத்தில் ஒரு கோடி என்றிருந்த வரம்பு 2018-ல் 3 லட்சமாகக் குறைந்தது. அதே திருத்தத்தில் வந்த 12-ஏ பிரிவுப்படி, அவசரத் தடை உத்தரவு போன்ற உடனடி நிவாரணம் தேவைப்படும் வழக்கைத் தவிர மற்றவற்றில், வழக்குப் போடும் முன் சமரசப் பேச்சுக்கு மனு செய்தாக வேண்டும். இது கட்டாயம் என்று 2022-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. இதைச் செய்யாமல் போடும் வழக்கு தொடக்கத்திலேயே நிராகரிக்கப்படும்.

மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் விண்ணப்பித்தால் கம்பெனிக்கு அழைப்பு போகும். கம்பெனி வராவிட்டால், சமரசம் தொடங்கவில்லை என்று அறிக்கை தருவார்கள். அதைக் கொண்டு வழக்குப் போடலாம். வந்தால், மூன்று மாதத்துக்குள் முடிக்க வேண்டும். இரு தரப்பும் சம்மதித்தால் இன்னும் இரண்டு மாதம் நீளும். அந்தக் காலம் வழக்குக் கெடுவில் கழிக்கப்படும் என்பதால், கெடு முடிந்துவிடுமோ என்று பயப்பட வேண்டாம். அங்கு கையெழுத்தாகும் ஒப்பந்தத்துக்கு நடுவர் தீர்ப்பின் மதிப்பு உண்டு. அதை நேராக நிறைவேற்றலாம்.

போகும் முன் இயக்குநர் குழுவைக் கூட்டித் தீர்மானம் போட வேண்டும். யார் பேசப் போவது, குறைந்தது எந்தத் தொகைக்குச் சம்மதிக்கலாம், எத்தனை தவணை வரை போகலாம் என்ற மூன்றும் தீர்மானத்தில் இருக்க வேண்டும். இந்தப் பணம் உறுப்பினர்களுடையது. தீர்மானம் இல்லாமல் ஒருவர் விட்டுக்கொடுத்துவிட்டு வந்தால், பின்னால் பொதுக்குழுவில் அவர்தான் பதில் சொல்ல வேண்டியிருக்கும். எதிரே கையெழுத்திடுபவருக்கும் அவருடைய கம்பெனித் தீர்மானம் இருக்கிறதா என்று கேட்டு நகல் வாங்க வேண்டும்.

மூவருக்கும் பொதுவாக

சமரசத் தீர்ப்பாணை வந்த பிறகு 'தெரியாமல் கையெழுத்துப் போட்டுவிட்டேன்' என்று சொல்லி மீள்வது கடினம். சம்மதித்துப் பெற்ற தீர்ப்பாணை மீது மேல்முறையீடு இல்லை. அதை ரத்து செய்யத் தனி வழக்கும் போட முடியாது. ஏமாற்றியோ மிரட்டியோ வாங்கிய சம்மதம் என்றால், அதைப் பதிவு செய்த அதே நீதிமன்றத்தில், தாமதிக்காமல், ஆதாரத்துடன் மனு போட வேண்டும். மக்கள் நீதிமன்ற உத்தரவு என்றால் உயர் நீதிமன்றம் வரை போக வேண்டியிருக்கும்.

அதனால் நேரம் எடுத்துப் படிக்க வேண்டியது கையெழுத்துக்கு முன்புதான். மனு ஆங்கிலத்தில் இருந்தால் வரிக்கு வரி தமிழில் சொல்லச் சொல்லிக் கேட்க வேண்டும். நீதிபதி 'சம்மதம்தானா?' என்று கேட்கும்போது, புரியாத இடம் இருந்தால் அங்கேயே சொல்லலாம். அதற்காகத்தான் அவர் கேட்கிறார். தீர்ப்பாணை வந்ததும் நகல் மனு போட்டுச் சான்றிட்ட பிரதி வாங்கி, தவணைத் தேதிகளும் தொகையும் மனுவில் உள்ளபடியே இருக்கின்றனவா என்று சரிபார்த்து, பட்டா, சிட்டா வைத்திருக்கும் பையிலேயே வைத்துவிட வேண்டும். முதல் தவணை தவறும் நாளில் தேவைப்படப் போவது அந்தப் பிரதிதான்.